திருப்பி அழைக்கும் உரிமை

பழவேற்காட்டு ஏரியில் எந்த நாளில் எவர் வலை கட்டுவது என்பதைப் பாடு முறை நிர்ணயிக்கிறது. முறை தவறியவரை விசாரிக்க ஊர் ஐந்தாண்டு காத்திருப்பதில்லை. ஆயின் நாம் ஓட்டளித்து அமர்த்திய ஊராட்சித் தலைவர் கணக்குக் காட்ட மறுத்தால், குடிநீர்க் குழாயைக் கவனியாதிருந்தால், என் செய்வது? குப்பங்களில் அடிக்கடி எழும் இவ்வினாவை ஈண்டு ஆராய்வோம்.

சட்டமன்ற, நாடாளுமன்ற உறுப்பினரை வாக்காளர் திருப்பி அழைக்க நம் அரசியலமைப்பில் வழியில்லை. 1974-இல் ஜெயப்பிரகாஷ் நாராயண் அவ்வுரிமையைக் கோரினார், அது சட்டமாகவில்லை.

ஊராட்சித் தலைவர் விஷயம் வேறு. 1994-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தின் 205-ஆம் பிரிவைக் கவனமாகப் படித்தல் வேண்டும். தலைவர் சட்டத்தை வேண்டுமென்றே மீறினாலோ, அதிகாரத்தைத் துஷ்பிரயோகம் செய்தாலோ, மாவட்ட ஆட்சியர் விளக்கம் கேட்கலாம். அவர் தாமாகவே தொடங்கலாம். அல்லது ஊராட்சியின் மொத்த உறுப்பினர் எண்ணிக்கையில் மூன்றில் இரு பங்குக்குக் குறையாதோர் குற்றச்சாட்டுகளை எழுதிக் கையொப்பமிட்டுக் கொடுக்கலாம். விளக்கம் திருப்தியளிக்காவிடில் வட்டாட்சியர் கூட்டம் கூட்டி உறுப்பினர் கருத்தை அறிவார். அதன் பின்னரே ஆட்சியர் நீக்க உத்தரவிடுவார். வாக்காளரின் கையொப்பத்திற்கு இப்பிரிவில் இடமில்லை என்பதை நாம் மறைக்க விரும்பவில்லை. இவ்வளவில் இது திருப்பி அழைத்தல் அன்று, நீக்கமே.

மத்தியப் பிரதேசத்திலும் சத்தீஸ்கரிலும் நகராட்சித் தலைவரை வாக்காளரே விலக்க முடியும். கவுன்சிலர்களில் முக்கால் பங்கினர் முதலில் கோர வேண்டும்; பின்பு மக்களின் இரகசிய வாக்கெடுப்பு. மத்தியப் பிரதேசத்தில் காலி நாற்காலி, ஆள் அமர்ந்த நாற்காலி என்பனவே சின்னங்கள்! 2008-இல் சத்தீஸ்கரில் மூவர் இவ்வாறு பதவி இழந்தனர். அரியானாவும் 2020-இல் ஊராட்சித் தலைவருக்கு இத்தகைய விதியை இயற்றியது. எனினும், முதற்கையொப்பம் கவுன்சிலர்களிடம் இருப்பதால், பதவிப் போட்டிக்கும் இது கருவியாகலாம் என்றே நாம் கருதுகிறோம்.

நம் அண்மையிலேயே பழைய சான்று உண்டு. முதலாம் பராந்தகன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டுகளில் (919, 921) குற்றங்கண்ட வாரிய உறுப்பினரை நீக்கவும், கணக்குக் காட்டாதவர் மீண்டும் குடவோலையில் இடம்பெறாதிருக்கவும் விதி உள்ளது. ஆனால் அதைப் பொதுமக்களாட்சி என்று மகிழ்வோர் ஒன்றை மறக்கின்றனர். அது அந்தணர் சபை. நிலமுள்ளோரே தகுதி பெற்றனர். வலைஞருக்கு அங்கே ஓலையில்லை.

இன்று நாம் செய்யக்கூடியது கிராம சபையைப் பயன்படுத்துவது. குடியரசு நாள், மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 ஆகிய நாள்களில் கூடும் சபையில் வரவு செலவைக் கேட்டுத் தீர்மானமாகப் பதியச் செய்க. தீர்மான நகலும், தணிக்கை அறிக்கையும், குழாயின் நிழற்படமும் இணைந்த மனு, வெறும் முறையீட்டினும் வலுவானது. ஆட்சியர் தாமாகத் தொடங்க அதுவே ஆதாரம் தரும்.

2019 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்டோரின் காலம் 2025 சனவரியில் முடிந்தபின் தனி அலுவலர்கள் அமர்த்தப்பட்டனர் என்பதை வாசகர் அறிவர். அவர்களைத் திருப்பி அழைக்க எப்பிரிவும் இல்லை.