பூ அல்ல, பிராணி

கார்வேட்டிநகரம் சித்தூர் மாவட்டத்தில் இருக்கிறது. அங்கே மலை உண்டு. வேணுகோபால சுவாமி கோயில் உண்டு. படிக்கட்டுகள் உள்ள பெரிய குளம் உண்டு. கடல் மட்டும் இல்லை.

கோயிலுக்குப் போகிறவர்கள் சாமந்திப் பூ வாங்குவார்கள். தெலுங்கிலும் அந்தப் பூவுக்கு ஏறக்குறைய அதே பெயர்தான். கடலிலும் ஒரு சாமந்தி இருக்கிறது. அதைக் கடல் சாமந்தி என்கிறார்கள். ஆனால் அதைத் தொடுக்க முடியாது. தலையில் சூட முடியாது. ஏனென்றால் அது பூ அல்ல. அது ஒரு பிராணி. மீனைப் பிடித்துத் தின்னும் பிராணி!

கார்வேட்டிநகரத்திலிருந்து ராமேசுவரம் போகிறவர்கள் பாம்பனில் கடலைக் கடப்பார்கள். அங்கே தெற்குப் பக்கம் இருப்பது மன்னார் வளைகுடா. ராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் நடுவில் 21 சிறு தீவுகள் வரிசையாக இருந்தன. அவற்றில் இரண்டு மூழ்கிவிட்டன. தீவுகளைச் சுற்றிப் பவளப் பாறைகள் இருக்கின்றன. அந்தப் பாறை இடுக்குகளிலும், ஆழம் குறைந்த மணலிலும் கடல் சாமந்தி வாழ்கிறது.

அதன் உடம்பு எப்படி இருக்கும்? பாட்டிமார் இடுப்பில் செருகும் சுருக்குப்பையை நினைத்துக்கொள்ளுங்கள். கடல் சாமந்தியும் ஒரு பைதான். பையின் அடிப்பக்கம் தட்டையாக இருக்கும். அதுதான் பாதம். அது பாறையில் ஒட்டிக்கொள்ளும். இடம் பிடிக்காவிட்டால் மெல்ல மெல்ல நகரும். நத்தைகூட அதைவிட வேகமாகப் போகும்.

பையின் மேல்பக்கம் வாய் இருக்கிறது. வாயைச் சுற்றி இதழ்கள் போலத் தெரிபவை அதன் கைகள். அவற்றை உணர்கொம்புகள் என்பார்கள். சில வகைகளில் சில டஜன் கைகள் இருக்கும். சில வகைகளில் நூற்றுக்கணக்கில் இருக்கும்.

பைக்குள் என்ன இருக்கிறது? சாத்துக்குடியை நறுக்கினால் சுளைகளுக்கு நடுவே மெல்லிய தோல் தெரியும் அல்லவா? அதுபோன்ற தடுப்புகள் பைக்குள் இருக்கின்றன. அங்கேதான் இரை செரிக்கிறது. இதயம் இல்லை. செவுள் இல்லை. கண் இல்லை. மூளையும் இல்லை. நரம்புகள் மட்டும் வலைபோல உடம்பு முழுவதும் பரவி இருக்கின்றன. எலும்பும் இல்லை. பைக்குள் நிறைந்த கடல் நீர்தான் அதை நிமிர்ந்து நிற்கச் செய்கிறது. யாராவது தொட்டால் நீரை வெளியே தள்ளிவிடும். கைகளை உள்ளே இழுத்துக்கொள்ளும். சுருக்குப்பையின் கயிற்றை இழுத்தது போல மூடிக்கொள்ளும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். உடம்புக்கு இருப்பது ஒரே பெரிய வாசல். இரை போவதும் அந்த வாய் வழியே. கழிவு வருவதும் அதே வாய் வழியே. நமக்கு அருவருப்பாக இருக்கலாம். அதற்கு அது போதுமானதாக இருக்கிறது.

ஓட முடியாத இந்தப் பிராணி மீனை எப்படிப் பிடிக்கிறது? அதன் கைகளில் கொட்டும் அணுக்கள் ஏராளமாக இருக்கின்றன. அவை கண்ணுக்குத் தெரியாத அளவு சிறியவை. ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு நூல் சுருண்டு கிடக்கிறது. மீனோ இறாலோ உரசியதும் நூல் பாய்ந்து வெளியே வரும். சட்டையின் கையை உள்ளிருந்து வெளியே திருப்புவது போல அது புரண்டு வரும். கண் இமைப்பதற்குள் குத்தி நஞ்சை ஏற்றிவிடும். ஒரு நூல் ஒரு தடவைதான் பாயும். பிறகு அந்த இடத்தில் புதிய அணு வளர வேண்டும். மயங்கிய இரையைக் கைகள் வாய்க்குத் தள்ளும்.

மனிதனையும் அது கொட்டும். நம் உள்ளங்கைத் தோல் தடிப்பானது. அதனால் பல வகைகளைத் தொட்டால் பிசுபிசுப்பு மட்டும் தெரியும். சில வகைகள் பட்டால் எரியும், தடிக்கும். அந்த இடத்தைத் தேய்க்கக் கூடாது. கடல் நீரால் கழுவ வேண்டும். மூச்சுத் திணறினால் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். அழகாக இருக்கிறதே என்று குழந்தைகள் கை நீட்டுவார்கள். பக்கத்தில் பெரியவர்கள் இருப்பது நல்லது.

இப்படிப்பட்ட கைகளுக்கு நடுவே ஒரு மீன் குடியிருக்கிறது. கோமாளி மீன் என்பது அதன் பெயர். உடம்பில் வெள்ளைப் பட்டைகள் இருக்கும். அதன் மேல் உள்ள வழவழப்பு அதைக் காக்கிறது. அதனால் கடல் சாமந்தி அதைக் கொட்டுவதில்லை. பெரிய மீன் துரத்தினால் கோமாளி மீன் கைகளுக்குள் ஒளிந்துகொள்ளும். கடல் சாமந்தியைக் கடிக்க வரும் மீன்களை அது விரட்டும். வீட்டுக்கு வாடகை கொடுப்பது போலத்தான். கடல் சாமந்தியின் காலடியில் பாறைமேல் முட்டையிடும். முட்டைகளைக் காப்பது அப்பா மீன். அங்கே இருக்கும் மீன்களில் பெரியது பெண். அது செத்தால் அதன் ஜோடி ஆண், பெண்ணாக மாறிவிடும்!

கடல் சாமந்திக்குச் சொந்தக்காரர்கள் பலர். பவளம் ஒன்று, சொறிமீன் ஒன்று. கடலே இல்லாத ஊர்களிலும் ஓர் உறவினர் உண்டு. அதன் பெயர் ஹைட்ரா. குளத்து நீர்ச்செடிகளில் தலைகீழாகத் தொங்கும். நூல் துண்டு போலச் சிறியது. அதற்கும் வாயைச் சுற்றிக் கைகள் உண்டு. கொட்டும் அணுக்களும் உண்டு. குளத்தில் துணி துவைக்கிறவர்கள் அதைப் பார்த்தும் பார்க்காமல் போயிருக்கலாம்.

கடல் சாமந்தி முட்டை வழியாகவும் பெருகும். சில வகைகள் இரண்டாகப் பிளந்தும் பெருகும். ஆயுளும் அதிகம். 1828ஆம் ஆண்டில் ஸ்காட்லாந்து நாட்டில் ஜான் டலியெல் என்பவர் கடற்கரையிலிருந்து ஒன்றை எடுத்துவந்தார். கண்ணாடி ஜாடியில் கடல் நீர் ஊற்றி வளர்த்தார். 1851இல் அவர் இறந்துபோனார். அது இறக்கவில்லை. வேறு சிலர் அதை வளர்த்தார்கள். எல்லோரும் அதைப் பாட்டி என்று அழைத்தார்கள். அந்தப் பாட்டி 1887 வரை உயிரோடு இருந்தது.

எல்லாக் கடல் சாமந்திக்கும் அந்த ஆயுள் கிடைப்பதில்லை. சில வகைகளின் உடம்புக்குள் மிகச் சிறிய பாசிகள் வாழ்கின்றன. அவை வெயிலில் உணவு தயாரித்து அதற்கும் பங்கு கொடுக்கின்றன. கடல் நீர் அதிகமாகச் சூடானால் பாசிகள் வெளியேறும். கடல் சாமந்தி வெளுத்துவிடும். பவளமும் அப்படித்தான். மன்னார் வளைகுடாவில் 2010லும் 2016லும் பவளங்கள் வெளுத்தன, பல செத்தன.

மனிதர் கையாலும் அது சாகிறது. கண்ணாடித் தொட்டியில் அழகுக்கு வளர்க்கக் கடல் சாமந்தியையும் கோமாளி மீனையும் பிடிக்கிறார்கள். பாறையிலிருந்து பிய்த்தால் பாதம் கிழியும். கிழிந்த இடம் அழுகினால் பிழைக்காது. வீடு போனால் மீனுக்கும் ஒளிய இடம் இல்லை. மன்னார் வளைகுடாத் தீவுகளை அரசு 1986இல் தேசியப் பூங்காவாக அறிவித்தது. அங்கே உயிர்களைப் பிடிப்பது குற்றம்.

மீனை விற்றுப் பிழைப்பவர்களுக்கு வேறு வழியும் இருக்கிறது. மண்டபத்தில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் மையம் உள்ளது. பரங்கிப்பேட்டையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் மையம் உள்ளது. இரண்டு இடங்களிலும் கோமாளி மீனைத் தொட்டியிலேயே குஞ்சு பொரிக்க வைத்திருக்கிறார்கள். முட்டையிட ஓர் ஓட்டுத் துண்டோ மண் சட்டியோ போதும். பகை மீன் இல்லாத தொட்டியில் அதற்குக் கடல் சாமந்திகூடத் தேவைப்படுவதில்லை.