காகிதம் கையில் இருக்கும்போதே

நாமக்கல் பரமத்தி ரோட்டில் ஒரு லாரி புக்கிங் ஆபீசில் முப்பத்தெட்டு வருடம் கணக்கு எழுதினேன். ஓய்வு பெற்ற பிறகும் கால் வீட்டில் நிற்கவில்லை. காலை பத்து மணிக்கு வந்து, இரண்டாவது டீ வரும்வரை உட்கார்ந்துவிட்டுப் போகிறேன். இந்த மாதம் இரண்டு பேர் புதிதாகச் சேர்ந்திருக்கிறார்கள்: பி.காம். முடித்த தம்பி ஒருவர், ராசிபுரம் பக்கமிருந்து பஸ்ஸில் வரும் பாப்பா ஒருவர். போனில் ஸ்கேன் எடுப்பதைப் பற்றிச் சொல்ல வாயெடுத்தேன். "அதுக்கெல்லாம் பாடமுங்களா ஐயா?" என்று தம்பி சிரித்தார்.

அன்று மதியமே அவர் ஸ்கேன் எடுத்த பில்டியில், அதாவது சரக்கு ரசீதில், சீல் பாதிதான் இருந்தது. அதனால் எழுதியே கொடுக்கிறேன். மேசைக் கண்ணாடிக்கு அடியில் செருகி வைத்துக்கொள்ளுங்கள்.

1. எடுப்பதற்கு முன் படியுங்கள்.

லாரித் தொழிலில் பணம் காகிதத்தின் பின்னால்தான் நடந்து வரும். லோடு ஏற்றும்போது பில்டி போடுகிறோம். சரக்கு அனுப்புகிறவருக்கு ஒன்று, வாங்குகிறவருக்கு ஒன்று, டிரைவர் கையில் ஒன்று, நம் ஃபைலில் ஒன்று. அட்வான்ஸ் அப்போதே வந்துவிடும். பாக்கி வாடகை வர வேண்டுமானால், இறக்கிய இடத்தில் சீலும் கையெழுத்தும் வாங்கிய பில்டி திரும்பி வர வேண்டும். பி.ஓ.டி. என்று நீங்கள் தினமும் கேட்கப்போவது அதைத்தான். அந்தக் காலத்தில் வண்டி அசாம் போனால் அந்தத் தாள் கைக்கு வந்து சேர ஒரு மாதம்கூட ஆகும். இப்போது டிரைவர் அங்கிருந்தே போனில் எடுத்து அனுப்பினால் அன்று சாயங்காலமே பில் போடலாம்.

ஆகவே தாளில் என்னென்ன இருக்க வேண்டும் என்பது மனசில் இருக்கட்டும்: வண்டி நம்பர், பில்டி நம்பர், இறக்கிய தேதி, மூட்டை எண்ணிக்கை, சீல், கையெழுத்து. ஓரத்தில் யாராவது கிறுக்கியிருந்தால் அதுவும்.

2. அந்தக் கிறுக்கலைப் பற்றி.

சில வருடங்களுக்கு முன்பு சேலத்திலிருந்து இந்தோருக்கு ஒரு ஜவ்வரிசி லோடு. (நம் ஊரில் ஜவ்வரிசி பாயசத்தோடு சரி. வடக்கே விரத நாள் வந்தால் வீட்டுக்கு வீடு சாபுதானா கிச்சடி. சேலத்து ஆலைகள் ஓடுவதே அந்த விரதத்தில்தான் என்று நான் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.) இறக்கிய இடத்துக் குமாஸ்தா, பில்டியின் வலது ஓரத்தில் மூன்று மூட்டை நனைந்திருக்கிறது என்று பென்சிலால் இந்தியில் எழுதி, கீழே சீல் போட்டிருந்தார். நம் டிரைவர் போனில் எடுத்தார். ஆப் தானாகவே ஓரத்தை வெட்டியது. வெட்டியது போக மிஞ்சியிருந்த பென்சில் எழுத்தை அதன் கறுப்பு வெள்ளை ஃபில்டர் வெளுத்துவிட்டது. எனக்கு வந்த படம் சலவைக்குப் போட்டு எடுத்தது மாதிரி இருந்தது. முழு வாடகைக்குப் பில் போட்டேன்.

சரக்குக்காரர் தன் பக்கத்துத் தாளைக் காட்டி, "மறைச்சுட்டீங்களே" என்றார். மூன்று மூட்டைக் காசைக் கொடுத்துவிடலாம். அந்தச் சொல்லுக்கு என்ன கொடுப்பது? பாக்கி வாடகை மூன்று மாதம் நின்றது.

அன்றிலிருந்து என் வழக்கம் இது. ஃபில்டரைக் கலரில் வையுங்கள், 'ஒரிஜினல்' என்று இருந்தால் அதில் வையுங்கள். நம் பில்டியின் இரண்டாம் தாள் ரோஸ் நிறம், அதில் நீலக் கார்பன் எழுத்து. கறுப்பு வெள்ளையில் போட்டால் ரோஸ் சாம்பலாகி, கார்பன் அதற்குள் அமுங்கிவிடும். தாளின் நாலு மூலையையும் ஆப் தேடிப்பிடித்துக் கோடு போட்டுக் காட்டும். அதை அப்படியே ஏற்காமல், விரலால் மூலைப்புள்ளிகளைத் தாளுக்கு வெளியே கொஞ்சம் இழுத்து விடுங்கள். மேசை இரண்டு விரற்கடை தெரிந்தால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

3. அடியில் கறுப்பு விரியுங்கள்.

வெள்ளைத் தாளை வெள்ளை டைல்ஸ் மேல் வைத்தால் ஆப்புக்கு விளிம்பு எங்கே என்று தெரியாது, தடுமாறும். கேபின் சீட்டுக்குப் போடும் கறுப்பு ரெக்சினில் மிச்சத் துண்டு, லாரி பாடி கட்டும் பட்டறையில் கேட்டால் சும்மாவே கொடுப்பார்கள். நம் ஊரில் அதற்கா பஞ்சம்? பளபளப்பு இல்லாத பக்கம் மேலே இருக்கட்டும்.

4. வெளிச்சம் பக்கவாட்டில் வரட்டும்.

டியூப் லைட்டுக்கு நேர் கீழே நின்றால் உங்கள் தலை நிழலே தாளில் விழும். ஜன்னலோரம் நல்லது, நேர் வெயில் வேண்டாம். ஃபிளாஷைத் தொடாதீர்கள். லேமினேஷன் போட்ட தாளிலும் ஆர்.சி. ஸ்மார்ட் கார்டிலும் ஃபிளாஷ் அடித்தால் நடுவில் ஒரு வெள்ளைச் சூரியன் உதித்து, சரியாக சேஸிஸ் நம்பரைத்தான் மறைக்கும்.

5. தாள் திரை நிறைய இருக்கட்டும்.

பன்னிரண்டு மெகாபிக்சல் கேமரா என்றால் நீளவாக்கில் 4000 புள்ளி, அகலவாக்கில் 3000. ஏ4 தாள் 297 மில்லிமீட்டர் நீளம், 210 அகலம். தாள் திரையை நிறைத்தால் அங்குலத்துக்கு ஏறக்குறைய 340 புள்ளி கிடைக்கும். ஆவணத்துக்கு 300 இருந்தால் தாராளம். எட்ட நின்று, தாள் திரையில் பாதி நீளத்துக்கு மட்டும் தெரியும்படி எடுத்தால் 170க்கு இறங்கிவிடும். அப்புறம் எத்தனை பெரிதாக்கினாலும் எழுத்து பஞ்சு மாதிரிதான் தெரியும். விரலால் ஜூம் செய்வதற்குப் பதில் போனைக் கிட்டே கொண்டுபோங்கள். மிகவும் கிட்டே போனால் சில போன் தானாகவே வேறு லென்சுக்குத் தாவி, தாளின் விளிம்பை வில்லாக வளைத்துவிடும். அப்படி வளைந்தால் ஒரு சாண் பின்னால் வாருங்கள். போன் தாளுக்கு நேர் மேலே, தரைக்குப் படுக்கையாக இருக்க வேண்டும்.

6. எண்களைத் தனியாக, பெரிதாக்கிப் பாருங்கள். காகிதம் கையில் இருக்கும்போதே பாருங்கள்.

இந்தத் தாளில் ஒன்றைத்தான் நினைவில் வைப்பீர்கள் என்றால் இதை வையுங்கள். குவாஹாட்டியில் இறக்கிவிட்டு வண்டி சிலிகுரி தாண்டிய பிறகு "சீல் தெரியலையே அண்ணா" என்று போன் போட்டு என்ன பிரயோசனம்?

மெஷின் பொய் சொல்லாது என்று நம்பாதீர்கள். 2013இல் ஜெர்மனியில் டேவிட் கிரீசல் என்ற கணினி அறிஞர் ஒரு கட்டட வரைபடத்தை ஜெராக்ஸ் கம்பெனியின் பெரிய மெஷினில் ஸ்கேன் எடுத்தார். மூன்று அறைகளின் பரப்பளவு மூலத்தில் 14.13, 21.11, 17.42. வந்த நகலில் மூன்றிலும் 14.13. எழுத்து மங்கவும் இல்லை, கலையவும் இல்லை. சுத்தமாக அச்சடித்த மாதிரி தப்பாக இருந்தது. ஃபைலைச் சுருக்குவதற்காக, பார்க்க ஒரே மாதிரி இருக்கும் துண்டுகளை ஒன்றாகக் கருதி, ஒன்றின் இடத்தில் மற்றொன்றை ஒட்டிவிட்டது மெஷின். 6 இருந்த இடத்தில் 8 வந்ததையும் அவர் காட்டினார். கம்பெனி ஒப்புக்கொண்டு, மென்பொருளைத் திருத்தி வெளியிட்டது.

நம் கையிலிருக்கும் போனிலும் 'தெளிவாக்கு' என்று ஒரு பொத்தான் உண்டு. மங்கலான எண்ணை அது தெளிவாக்குகிறதா, ஊகித்து வரைகிறதா என்று நமக்குத் தெரியாது. டன் கணக்கிலும் ரூபாய் கணக்கிலும் அந்தப் பொத்தான் வேண்டாம்.

7. எடைச்சீட்டை முதலில் எடுங்கள்.

எடைமேடைச் சீட்டு, டீசல் பில், ஏ.டி.எம். சீட்டு எல்லாம் பெரும்பாலும் தெர்மல் தாள். அதில் மை கிடையாது. சூடு பட்ட இடம் கறுக்கும் பூச்சுதான் எழுத்தாகத் தெரிகிறது. டேஷ்போர்டு வெயிலில் கிடந்தால் தாள் முழுக்கக் கறுத்துப் போகும். பத்திரம் என்று பிளாஸ்டிக் கவரில் போட்டு வைத்தால் சில மாதத்தில் எழுத்து வெளுத்துப் போகும். வருடக் கடைசியில் ஆடிட்டர் கேட்பது வெறும் வெள்ளைத் தாளையா? சீட்டு வந்த நிமிடமே எடுங்கள். சுருண்டுகொள்ளும் தாள்தான், இரண்டு ஓரத்திலும் ஐந்து ரூபாய்க் காசு வைத்தால் படுக்கும். காசு எழுத்தின் மேல் ஏறாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

8. பெயர் வையுங்கள்.

போன் தானாக வைக்கும் பெயரில் ஒரு வருடம் கழித்து எதையும் தேட முடியாது. வருடம், மாதம், தேதி என்ற வரிசையில் எண்ணில் தொடங்குங்கள். அப்போதுதான் ஃபைல்கள் தாமாகவே நாள் வரிசையில் நிற்கும். பிறகு வண்டியின் கடைசி நாலு எண், ஊர், என்ன காகிதம். பில்டி, இன்வாய்ஸ், ஈ-வே பில், எடைச்சீட்டு என்று ஒரு டிரிப்பின் தாள்கள் எல்லாம் ஒரே பி.டி.எஃப். ஆக இருக்கட்டும். தாளுக்கு ஒரு ஃபைல் என்று அனுப்பினால் எதிர்முனையில் கட்டாயம் ஒன்று தொலையும்.

9. வாட்ஸ்ஆப்பில் போட்டோவாக அனுப்பாதீர்கள், டாக்குமென்ட்டாக அனுப்புங்கள்.

போட்டோவாகப் போனால் அது சுருங்கித்தான் போகும். ஏதாவது இணையதளம் இத்தனை கே.பி.க்குள் வேண்டும் என்று கேட்டால், அதற்குத் தனியாகச் சின்ன நகல் ஒன்று செய்யுங்கள். பெரியதை அழிக்காதீர்கள்.

10. ஆப் எது என்று கேட்கிறீர்கள்.

ஒரு காலத்தில் இந்த ரோட்டில் எல்லா போனிலும் கேம்ஸ்கேனர்தான். 2019 ஆகஸ்டில் அதன் ஆண்ட்ராய்டு பதிப்புக்குள் கெட்ட நிரல் இருப்பதை காஸ்பர்ஸ்கி நிறுவனத்தார் கண்டுபிடித்தார்கள். 2020 ஜூன் 29 அன்று மத்திய அரசு தடை செய்த 59 சீன ஆப்களில் அதுவும் ஒன்று. இன்றைக்கு ஆண்ட்ராய்டு போனில் கூகுள் டிரைவ் ஆப்பிலேயே ஸ்கேன் இருக்கிறது. ஐபோனில் 2017 முதல் நோட்ஸுக்குள்ளேயே இருக்கிறது. புதிதாக எதையும் இறக்க வேண்டியதில்லை. கண்ட ஆப்பிடம் முதலாளியின் பான் கார்டைக் காட்டாதீர்கள்.

11. எல்லாவற்றையும் ஸ்கேன் எடுக்க வேண்டியதும் இல்லை.

ஆர்.சி., லைசென்ஸ் இரண்டையும் டிரைவர்கள் போட்டோ பிடித்து வைத்துக்கொண்டு செக்போஸ்ட்டில் காட்டி வாக்குவாதம் செய்கிறார்கள். போட்டோ செல்லாது. டிஜிலாக்கரில் அரசுத் துறையே வழங்கியதாக வரும் ஆவணம் செல்லும். மூலத்துக்குச் சமமாக அதை ஏற்க வேண்டும் என்று 2018இல் மத்தியப் போக்குவரத்து அமைச்சகம் மாநிலங்களுக்குச் சொல்லியிருக்கிறது. அதே டிஜிலாக்கரில் நாமே ஏற்றி வைக்கும் ஸ்கேனுக்கு அந்த மதிப்பு இல்லை. இந்த வித்தியாசத்தை டிரைவர்களுக்குப் பொறுமையாகச் சொல்லுங்கள்.

ஆதார் கேட்டால், கடைசி நாலு எண் மட்டும் தெரியும் மாஸ்க் செய்த ஆதாரை இறக்கிக் கொடுக்கலாம். டிரைவரின் ஆதாரை முப்பது பேர் இருக்கும் குரூப்பில் போடுவது, அவர் வீட்டுச் சாவியை பஸ் ஸ்டாண்டில் தொங்க விடுகிற மாதிரி.

12. முதலாளி வீட்டுப் பத்திரம்.

என்றாவது ஒரு நாள் முதலாளி ஒரு மஞ்சள் துணிப்பையைக் கொடுத்து, "பேங்குல கேக்கறாங்க, இதை ஸ்கேன் பண்ணு கண்ணு" என்பார். உள்ளே அவர் தாத்தா வாங்கிய காட்டுப் பத்திரம் இருக்கும். முதலில் கையைக் கழுவித் துடைத்துக்கொள்ளுங்கள். தைத்திருக்கும் நூலைப் பிரிக்காதீர்கள். மடிப்பு நிமிர வேண்டுமானால் இரண்டு பேரேட்டுக்கு நடுவில் ஒரு ராத்திரி வையுங்கள். இஸ்திரிப் பெட்டி வைத்தவரை எனக்குத் தெரியும். பழுப்புத் தாள் மடிப்போடு உடைந்தது.

முத்திரைத்தாள் ஏ4ஐவிட நீளம். ஆப்பில் தாள் அளவு ஏ4 என்று இருந்தால், அடியில் இருக்கும் கையெழுத்தை வெட்டும், இல்லையென்றால் முழுத்தாளையும் நசுக்கும். அதை 'ஆட்டோ'வுக்கு மாற்றுங்கள். பின்பக்கத்தை விடவே கூடாது. சார்பதிவாளர் எழுதிய பதிவுக் குறிப்பு, 1 புத்தகம், ஆவண எண், வருடம், விரல்ரேகை எல்லாம் பின்பக்கத்தில்தான் இருக்கும். அதை விட்டுவிட்டு முன்பக்கத்தை மட்டும் அழகாக எடுத்துக் கொடுத்தவர்கள் எத்தனையோ பேர். வெறுமையாக இருக்கும் பின்பக்கத்தையும் எடுங்கள். அப்போதுதான் பக்கம் விடுபட்டதா என்ற கேள்வி வராது.

பத்திரத்தில் 'சேலம் மாவட்டம், நாமக்கல் வட்டம்' என்று இருந்தால் தப்பு என்று நினைத்துவிடாதீர்கள். 1997 ஜனவரி 1இல்தான் நாமக்கல் தனி மாவட்டமாக இயங்கத் தொடங்கியது. அதற்கு முன்பு எல்லாமே சேலம்தான். சர்வே நம்பரும் அப்படியே. 1980களில் நடந்த யூ.டி.ஆர். நில அளவைக்குப் பிறகு பல காடுகளின் எண் மாறியது. பத்திரத்தில் உள்ளபடி பழைய எண்ணையும், பட்டாவில் உள்ள புது எண்ணையும் ஃபைல் பெயரில் சேர்த்தே போடுங்கள்.

படத்திலிருந்து எழுத்தைப் பிரித்துக் கொடுக்கும் வசதியைப் பாப்பா காட்டியது. அச்சுத் தமிழை அது நன்றாகவே படிக்கிறது. தமிழ் விக்கிமூலத்தில் பழைய நூல்களை ஏற்றுகிறவர்களும் அந்த மாதிரி வசதியை வைத்துத்தான் வேலை செய்கிறார்கள். ஆனால் 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முன்பு அச்சான பழைய 'ணை', 'லை', 'றா' வரும் இடங்களில் தடுக்கி விழும். பத்திர எழுத்தரின் கையெழுத்து என்றால் கேட்கவே வேண்டாம். தேடுவதற்கு வைத்துக்கொள்ளுங்கள், அதைப் பார்த்து நகல் எடுத்து யாருக்கும் அனுப்பாதீர்கள்.

எத்தனை நன்றாக எடுத்தாலும் ஸ்கேன் நகல்தான். அடமானத்துக்குப் பேங்க் மூலப்பத்திரத்தையே கேட்கும். வழக்கு என்று வந்து மின்னணு நகலைக் கோர்ட்டில் கொடுத்தால் கூடவே ஒரு சான்றும் கேட்பார்கள். பழைய சாட்சியச் சட்டத்தில் அது 65பி. 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாக்ஷ்ய அதிநியமத்தில் 63வது பிரிவு. தகராறில் இருக்கும் டிரிப்பின் படங்களை, எடுத்த போனிலிருந்து அழிக்க விடாதீர்கள்.

பை திரும்பப் போகும்போது தாள்களை எண்ணிக் கொடுங்கள், எண்ணி வாங்கியதாக ஒரு துண்டுத்தாளில் கையெழுத்து வாங்குங்கள். அதையும் போனில் எடுத்துக்கொள்ளுங்கள்.

13. டிரைவர்களுக்கும் சொல்லுங்கள்.

நாளைக் காலை ஒரு வண்டி நாக்பூர் கிளம்புகிறது. அந்த டிரைவர் அண்ணனுக்குக் கண் கொஞ்சம் மங்கல். கூட வரும் கிளீனர்தான் போன் பிடிப்பார். இரண்டு பேரையும் டீக்கடை பெஞ்சில் உட்கார வைத்து, ஒரு பழைய பில்டியை எடுக்கச் சொல்லிப் பாருங்கள். சீல் முழுசாக வரும்வரை விடாதீர்கள். கிளம்பும்போது ரெக்சின் துண்டு ஒன்றை அளவாக வெட்டி, பேப்பர் ஃபைலுக்குள் வைத்து அனுப்புங்கள். கத்தரிக்கோல் என் பழைய மேசையின் இரண்டாவது டிராயரில் இருக்கிறது.