சேம அச்சு: பழைய ஜப்பானிய மோட்டார் வண்டியொன்றைப் பற்றிய ஓர் ஆராய்ச்சி

தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சியின் மகனாகிய பொகுட்டெழினியை ஔவையார் பாடிய பாட்டொன்று புறநானூற்றில் 102-ஆவதாக நிற்கின்றது. உப்பு வாணிகராகிய உமணர், பாரம் மிகுந்த தம் வண்டியின் அடிமரத்தில் வேறோர் அச்சினையும் கட்டிக்கொண்டே புறப்படுவராம். மேடும் பள்ளமுமாகிய நெடுவழியில் எவ்விடத்து யாது நேருமென்பதை முன்னறிவார் ஒருவருமிலர் அன்றோ? அங்ஙனம் உடன்கொண்டு செல்லும் அச்சுக்குச் சேம அச்சு என்பது பெயர். எழினியை அவ்வச்சிற்கு ஒப்பிட்டார் ஔவையார். இப்பாட்டை வகுப்பில் ஓதியபொழுது, உவமையின் நயத்தைக் குறிப்பேட்டில் வரைந்துகொண்டு அப்பாற் சென்றுவிட்டோம். அதன் பொருள் எமக்கு உள்ளபடி விளங்கியது, ஏரியூரிலிருந்து பென்னாகரம் செல்லும் சாலையில், ஆவி கக்கி நின்றுவிட்ட எம் வண்டியின் பக்கத்தில், நள்ளிரவில் நின்றபோதுதான். அவ்வண்டியின் வரலாற்றையும், அதனை வாங்கியதனால் யாம் கற்ற பாடங்களையும் ஈண்டு எழுதப் புகுகின்றோம்.

எமது ஏரியூர், தருமபுரி மாவட்டத்தில், மேட்டூர் அணையின் நீர்ப்பரப்பிற்கு அணித்தாக உள்ள சிற்றூர். கேழ்வரகும் நிலக்கடலையும் விளையும் மானாவாரி நிலமே மிகுதி. இத்தகைய ஊரில் பழைய பந்தய மரபில் வந்த வண்டியொன்றுக்கு என்ன வேலை என்று நண்பர்கள் வினவுவர். எம் தமையனார் பத்து வயதுச் சிறுவராயிருந்தபோது, கலியாணம் ஒன்றிற்கு வந்த ஒப்பந்தக்காரர் ஒருவர் கருநீல நிற ‘லான்சர்’ வண்டியொன்றிற் போந்தனராம். விருந்துண்ணாமல் அவ்வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தார் எம் தமையனார். அன்று முளைத்த ஆசை, அவர் ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலைக்கமர்ந்து கையிற் பொருள் சேர்ந்தவுடன் மீண்டும் தலையெடுத்தது. கலியாணச் சோற்றை விட்டவர் வண்டியை விடுவாரா?

இனி இவ்வகை வண்டிகளின் பிறப்பைச் சிறிது காண்போம். குடும்பத்தார் ஐவர் அமர்ந்து செல்லத்தக்க நான்கு கதவு வண்டியிலேயே பந்தய வண்டியின் விரைவையும் அடக்குதல் வேண்டுமென்னும் எண்ணம் ஜப்பானியர்க்கு 1960-களில் வலுப்பெற்றது. ‘பிரின்ஸ்’ என்னும் கம்பெனியார் தம் ‘ஸ்கைலைன்’ வண்டியின் மூக்கை 20 சென்டிமீட்டர் நீட்டி, பெரிய வண்டியொன்றிற்குரிய ஆறு சிலிண்டர் எஞ்சினை அதனுள் புகுத்தி, 1964-ஆம் ஆண்டு சுசூகா நகரத்துப் பந்தயத்தில் விட்டனர். ஜெர்மானியரின் ‘போர்ஷ்’ வண்டியே வென்றது எனினும், ஒரு சுற்றில் ஸ்கைலைன் அதனை முந்திச் சென்ற காட்சியை ஜப்பானியர் மறந்திலர். பிரின்ஸ் கம்பெனி 1966-இல் ‘நிசான்’ கம்பெனியோடு இணைந்தது. 1969-இல் வெளிவந்த ஸ்கைலைன் ஜி.டி.ஆர். வண்டியும் நான்கு கதவுகளோடுதான் முதலிற் பிறந்தது. புறத்தே பார்ப்பார்க்கு அலுவலர் ஒருவர் அலுவலகத்திற்கு ஓட்டிச் செல்லும் பெட்டி போன்ற வண்டி. அகத்தே 160 குதிரைத்திறன். நாளொன்றுக்கு எட்டுத் தேர் செய்யவல்ல தச்சன், ஒரு திங்கள் முயன்று செய்த ஒற்றைச் சக்கரத்தை அதியமானுக்கு உவமையாக்கிய ஔவையார் இதனைக் கண்டிருப்பின் யாது பாடியிருப்பாரோ!

‘மிட்சுபிஷி’ கம்பெனியாரின் லான்சர் 1973-இல் தோன்றியது. மிட்சு என்பது மூன்று. ஹிஷி என்பது நீர்க்கொட்டைச் செடி. அதன் இலை வடிவே வண்டியின் முகத்திலுள்ள மூன்று வைரங்களாயிற்று. லான்சர் என்பது ஈட்டி ஏந்திய குதிரை வீரனைக் குறிக்கும் ஆங்கிலச் சொல். வேலன் என்று தமிழாக்கலாமோ என எம் நண்பரொருவர் கேட்டார். வேலன் என்பான் நம் நூல்களில் வெறியாடும் பூசாரியாதலின், அப்பெயர் வேகத்திற்குப் பொருந்தினும் வண்டிக்குப் பொருந்தாது என்றோம்! இவ்வண்டி உலகறியப் பெற்றது இந்திய வழியினர் ஒருவரால் என்பது பலர் அறியாத செய்தி. கென்யா நாட்டிற் பிறந்த சீக்கியராகிய ஜோகிந்தர் சிங் என்பார், சேறும் புழுதியும் நிறைந்த கிழக்காப்பிரிக்க சபாரி ராலிப் போட்டியில் 1974-இலும் மீண்டும் 1976-இலும் லான்சரை ஓட்டி முதற்பரிசு பெற்றார். பிற்காலத்து ‘லான்சர் எவல்யூஷன்’ வண்டிகளால் பின்லாந்து நாட்டு டோம்மி மேக்கினன் 1996 முதல் 1999 வரை தொடர்ந்து நான்காண்டு உலக ராலி வாகையைச் சூடினார்.

நம் நாட்டிலோ, நெடுங்காலம் அம்பாசடரும் பியட்டுமே சாலையை ஆண்டன. 1983-இன் இறுதியில் சுசூகியின் துணையோடு மாருதி வண்டி வந்தபின்னரே நிலைமை மாறத் தொடங்கிற்று. 1998-ஆம் ஆண்டு இந்துஸ்தான் மோட்டார்ஸ் கம்பெனியார் மிட்சுபிஷியோடு கூடித் திருவள்ளூர்த் தொழிற்சாலையில் லான்சரைச் செய்து விற்கலாயினர். ஆகவே எம் தமையனார் விரும்பிய ஜப்பானிய வண்டி, பிறப்பால் தொண்டை நாட்டினது! 1,468 கன சென்டிமீட்டர் பெட்ரோல் எஞ்சினும், தனித்தனியே அசையும் பின்சக்கர அமைப்பும் உடைய அது, வளைவுகளில் நிலத்தைப் பற்றிச் செல்லும் தன்மையால் ஓட்டுவோர் உள்ளத்தைக் கவர்ந்தது. 2006-இல் வந்த ‘சீடியா’ என்னும் அதன் தங்கை, இந்திய ராலிப் போட்டிகளிலும் ஓடிற்று. பின்னர் விற்பனை குன்றியது, வண்டிகளும் நின்றன. அத்தொழிற்சாலையில் பின்பு இசுசூ வண்டிகளும், அதன்பின் சிட்ரோயன் வண்டிகளும் செய்யப்பட்டன.

வண்டி செய்வது நின்றபின் அதனை வாங்குபவன், விலையை மட்டும் எண்ணினாற் போதாது. இதனை யாம் அறிந்திலேம். தமையனார் சேர்த்திருந்தது 2,10,000 ரூபாய். எம் தங்கை செவிலியர் கல்வி பயிலச் சேர்வதற்குப் பணம் வேண்டுமென்று அன்னையார் அதன்மேற் கண்வைத்திருந்தார். முதலிற் சேலத்தில் ஒரு வண்டியைக் கண்டோம். விலை 1,80,000. முகம் பார்க்கலாம்போல் மினுமினுத்தது. முன்பணம் கொடுக்கத் தமையனார் பையில் கைவிட்டுவிட்டார். உடன்வந்த பென்னாகரத்து மெக்கானிக், “தம்பி, சற்றுப் பொறும். மேலே கண்டது போதும், கீழே பார்ப்போம்” என்று பின்பெட்டியின் விரிப்பைத் தூக்கி, மாற்றுச் சக்கரத்தை அகற்றிக் காட்டினார். அடித்தகடு துருவேறி, விரல் அழுத்திய இடத்தில் உதிர்ந்தது. கதவின் இடைவெளி ஒருபுறம் குறுகியும் மறுபுறம் அகன்றும் இருந்தது; எங்கோ மோதி நிமிர்த்தப்பட்ட வண்டி அது. பேசாமல் திரும்பினோம்.

அவர் அன்று கற்பித்தவை எந்நூலிலும் யாம் காணாதவை. வண்டியைப் பார்க்கச் செல்வோன், எஞ்சின் குளிர்ந்திருக்கும் காலைப்பொழுதிற் செல்லல் வேண்டும். முன்னரே சூடேற்றி வைத்திருந்தால் நோய் மறைந்துவிடும். புகை நீலமாயின் எண்ணெய் எரிகின்றது. வெண்மையாய் நில்லாது வருமாயின் குளிர்நீர் உள்ளே கசிகின்றது. கருமையாயின் பெட்ரோல் மிகைப்படுகின்றது. எண்ணெய் மூடியின் உட்புறத்தில் மோர் போன்ற படிவு இருப்பின் கும்பிட்டு விலகுக. டயரின் பக்கத்தில் நான்கு எண்கள் உண்டு. 2319 என்றிருப்பின் 2019-ஆம் ஆண்டின் 23-ஆம் வாரத்திற் செய்யப்பட்டதென்று பொருள். ஓடிய தூரம் குறைவென்பான் வண்டியில் தேய்ந்த மிதிகளும் வழுவழுத்த திருப்புவளையமும் இருப்பின், மானி பொய்யுரைக்கின்றது. யாவற்றினும் மேலாக அவர் வற்புறுத்தியது ஒன்று: “இருபது வருஷ வண்டியில் இரும்பு பிழைத்துக்கொள்ளும், ரப்பர் பிழைக்காது.” டைமிங் பெல்ட், நீர்க்குழாய்கள், பிரேக் குழாய்கள், தாங்கு புஷ்கள் ஆகிய யாவும் மாற்றற்குரியன என்றார். இக்காலத்துப் பெட்ரோலில் 20 விழுக்காடு எத்தனால் கலத்தலால், அதற்கென அமையாத பழைய எரிபொருட் குழாய்களும் மெல்ல நைந்துபோகும் என்பதும் அவர் சொற்றதே.

இரண்டாம் வண்டி ஈரோட்டுப் பக்கத்தில், ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரிடம் கிடைத்தது. 2004-இல் பதிவானது. வெயிலில் மங்கிய நிறம், துருவில்லாத உடல். 1,40,000 ரூபாய்க்கு முடிந்தது. எஞ்சின் எண்ணையும் சட்ட எண்ணையும் பதிவுப் புத்தகத்தோடு ஒப்பிட்டபின்னரே பணம் கைமாறியது. கைமாற்றத்தை, விற்றவர் 14 நாளிலும் வாங்கியவர் 30 நாளிலும் அலுவலகத்திற்கு அறிவித்தல் வேண்டும் என்பதும், பதினைந்தாண்டு கழிந்த வண்டியின் பதிவை ஐந்தாண்டுக்கு ஒருமுறை சோதனையோடு புதுப்பித்தல் வேண்டும் என்பதும் மோட்டார்ச் சட்டம். இதில் சோம்பியிருந்தால் பிறர் செய்த பிழைக்கு விற்றவரும், தம் வண்டிக்கே உரிமையின்றி வாங்கியவரும் வருந்துவர். இதனை விரித்தல் வேண்டா.

எஞ்சியது 70,000 ரூபாய். அன்னையார் 40,000-ஐத் தங்கைக்கென்று வாங்கிப் பெட்டியில் வைத்துப் பூட்டினார். மற்றை முப்பதினாயிரத்தில் டைமிங் பெல்ட்டும் டயர்களும் பிரேக் குழாய்களும் மாற்றப்பட்டன. நீர்க்குழாய்களை மாற்றுமுன்னர் கையில் ஆறாயிரமே மிகுந்தது. கிறிஸ்துமஸ் அணுகிற்று. மங்கிய நிறத்தை மெருகிட்டால் ஆலயத்திற்கு வரும்போது அழகாயிருக்குமென்று யாமே தூண்டினோம், தமையனாரும் உடன்பட்டார். ஆறாயிரமும் மெருகிற் கரைந்தது. குழாய்களின் விலை அதில் நாலிலொரு பங்குதான் என்று பின்னர் அறிந்தோம்.

தை மாதத்து இரவொன்றில் பாட்டியாருக்கு மூச்சுத்திணறல் கண்டது. 108 வண்டியை அழைத்திருக்கலாம். வாசலில் மெருகேறிய வண்டி நிற்க, பிறரை ஏன் அழைப்பானேன் என்னும் செருக்கு எம்மை அழைக்க விடவில்லை. வீட்டை விட்டுப் பத்துக் கிலோமீட்டர் சென்றிருப்போம். வெப்பமானியின் முள் எழுந்தது. மூடியின் கீழிருந்து ஆவி சீறிற்று. தமையனார் அக்கணமே எஞ்சினை நிறுத்திவிட்டார். நீர்க்குழாய் வெடித்திருந்தது. யாம் போத்தல் நீருடன் ஓடினோம். “ஊற்றாதே, விலகி நில்!” என்று கத்தினார் அவர், கொதிக்கும் ரேடியேட்டரைத் திறப்பவன் முகம் வெந்துபோவான் என்பதும், காய்ந்த அலுமினியத் தலைப்பகுதியிற் குளிர்நீர் பட்டால் அது கோணும் என்பதும் அன்றுவரை எமக்குத் தெரியா. பின்னிருக்கையிற் பாட்டியார் அன்னையாரின் தோளிற் சாய்ந்து மூச்சுக்குப் போராடினார். தமையனார் சாலை நடுவில் நின்று இரு கைகளையும் விரித்து வீசினார்.

இருபது நிமிடம் கழித்துப் பால் ஏற்றிச் செல்லும் வண்டியொன்று நின்றது. அதன் ஓட்டுநர் பால் கேன்களை ஒதுக்கி இடஞ்செய்து, பென்னாகரம் அரசு மருத்துவமனையிற் பாட்டியாரைச் சேர்ப்பித்தார். அங்கே உயிர்வளி கொடுத்து, 108 வண்டியிலேயே தருமபுரிக்கு அனுப்பினர். பாட்டியார் பிழைத்தார். அந்த இருபது நிமிடத்தை யாம் எண்ணாத நாளில்லை.

மறுநாள் மெக்கானிக் வந்து பார்த்தார். உடனே நிறுத்தியதால் எஞ்சின் தப்பியது என்றார். மெருகைப் பற்றி ஒன்றுங் கேட்டிலர். வண்டியின் மினுமினுப்பை ஒருமுறை நோக்கினார், அவ்வளவே. அதுமுதல் எம் வண்டியின் பின்பெட்டியில் தகரப் பெட்டியொன்று இருக்கின்றது. நீர்க்குழாய் இரண்டு, அவற்றின் இறுக்கிகள், தெர்மோஸ்டாட், எரிபொருட் பம்பின் ரிலே, பியூஸ்கள், குளிர்நீர்க் கேன் ஒன்று, டைமிங் பெல்ட் ஒன்று. சில சென்னையிற் பழம்பொருட் கடைகளில் நேரிற் சென்று தேடியவை. சில கோயம்புத்தூரிலிருந்து வந்தவை. ஒரு சிறு ரிலேக்காகத் தமையனார் ஒரு ஞாயிறு முழுதும் அலைந்தார். பெட்டியின் மூடியில் யாம் ‘சேம அச்சு’ என்று வெண்சாயத்தால் எழுதியுள்ளோம். ஊரார் அதனை வண்டியின் பெயரென்று கருதி, “சேமச்சு வருது” என்கின்றனர்.

பழைய ஜப்பானிய வண்டிகளின் மதிப்பு இக்காலத்து எங்கும் ஏறிவருகின்றது. இலங்கையில் 2020-இல் இறக்குமதி தடைப்பட்டபோது, பழைய பெட்டி வடிவ லான்சர்கள்கூட வாங்கிய விலைக்குப் பன்மடங்கு விலைபோயின. சென்ற மாதம் பெங்களூரிலிருந்து ஒருவர் ஏரியூருக்கே வந்து எம் வண்டிக்கு 2,25,000 ரூபாய் தருவதாகச் சொன்னார். அத்தொகை தங்கையின் இரண்டாமாண்டுக் கட்டணத்தையும் தீர்க்கும். தமையனார் தலைகுனிந்து நின்றார். அன்னையார் வந்தவர்க்கு மோர் கொடுத்துவிட்டு, “விலை தகரப் பெட்டியோடு சேர்த்தா, பெட்டி நீங்கலாகவா?” என்று கேட்டார். பெட்டியோடு என்றார் அவர். “பெட்டியைக் கொடுப்பதற்கில்லையே” என்றார் அன்னையார்.

வந்தவர் நகைத்து விடைபெற்றார். வண்டி இப்போதும் எம் வீட்டுப் புளியமரத்து நிழலிலேயே நிற்கின்றது. 2029-இல் பதிவைப் புதுப்பித்தல் வேண்டும். அதற்கென மாதம் முந்நூறு ரூபாய் தமையனார் அன்னையாரிடம் கொடுத்து வருகின்றார். தங்கையின் பணமிருக்கும் அதே பெட்டியில், வேறொரு துணியில் முடிந்து அதனை அவர் வைத்திருக்கின்றார்.