'சும்மா விசாரணைதான், வந்துட்டுப் போங்க'

தம்பி, தங்கச்சிகளா, ஸ்டேஷன்லேருந்து இப்படி போன் வந்தா பதறி ஓடாதீங்க. "என்ன கேஸ் சார்? நோட்டீஸ் குடுங்க, வந்துடறேன்"னு மரியாதையா கேளுங்க. 2024 ஜூலை 1லேருந்து நடைமுறையில இருக்கிற பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவும் விசாரணைக்கு எழுத்துலதான் கூப்பிடச் சொல்லுது. சாட்சி விசாரணைன்னா, பெண்களையும் 60 வயசைத் தாண்டினவங்களையும் ஸ்டேஷனுக்கு வந்தே ஆகணும்னு கட்டாயப்படுத்த முடியாது. வீட்டுக்கு வந்துதான் விசாரிக்கணும்.

நோட்டீஸ் வந்துட்டா மட்டும் தவறாம போங்க. போகலேன்னா அதுவே கைதுக்குக் காரணமாயிடும்.

போலீஸ்கிட்ட சொல்ற வாக்குமூலத்துல நாம கையெழுத்துப் போட வேண்டியதில்லை. சட்டமே அதைத் தடுக்குது. வெற்றுத்தாள்ல எக்காரணம் கொண்டும் போடாதீங்க.

கைதுன்னா அரெஸ்ட் மெமோ எழுதணும். குடும்பத்துல ஒருத்தரோ ஊர்ப் பெரியவரோ சாட்சிக் கையெழுத்துப் போடணும், கைதானவரும் போடணும். போடுறதுக்கு முன்னாடி அதுல இருக்கிற நேரத்தைப் பாருங்க. பயண நேரம் போக, 24 மணி நேரத்துக்குள்ள மாஜிஸ்திரேட் முன்னாடி நிறுத்தியாகணும். ராத்திரி பத்து மணிக்குக் கூட்டிட்டுப் போய், மறுநாள் மத்தியானம் கைது பண்ணதா எழுதிட்டா அந்தக் கணக்கே மாறிப்போகும். அதனால ஆளைக் கூட்டிட்டுப் போன உடனே எஸ்.பி. ஆபீசுக்கு ஒரு மெயில் போட்டுடுங்க: யாரை, எங்கேருந்து, எத்தனை மணிக்கு. மெயில் போன நேரத்தை யாராலயும் திருத்த முடியாது. இதுல சோம்பல் படவே கூடாது.

சூரியன் மறைஞ்ச பிறகு, விடியறதுக்குள்ள பெண்ணைக் கைது பண்ணக் கூடாது. தவிர்க்க முடியாத சூழ்நிலைன்னா பெண் போலீசும் இருக்கணும், மாஜிஸ்திரேட்டோட முன் அனுமதியும் வேணும்.

அடி விழுந்திருந்தா டாக்டர்கிட்டயும் மாஜிஸ்திரேட்கிட்டயும் வாயைத் திறந்து சொல்லுங்க. எந்த இடத்துல வலி, எதால அடிச்சாங்க, எல்லாத்தையும். "வெளியே சொன்னா பாரு"ன்னு மிரட்டியிருந்தா அதையும் சேர்த்துச் சொல்லுங்க. 2020 ஜூன்ல சாத்தான்குளத்துல ஸ்டேஷன்ல அடிபட்ட அப்பாவும் மகனும் அடுத்தடுத்து இறந்ததை நாம மறந்துடக் கூடாது. காயம் காகிதத்துல ஏறணும்.

வக்கீலுக்குக் காசில்லேன்னு தவிக்காதீங்க. இலவச சட்ட உதவிக்கு 15100. இப்பவே போன்ல சேவ் பண்ணுங்க, அம்மா அப்பா போன்லயும்.