கணக்குப் பிழையை நீதவானிடம் சொல்லலாமா?

கேள்வி: தெல்லிப்பழையில் சிறிய வெதுப்பகம் ஒன்று நடத்துகிறேன். வேலையை விட்டுப் போன இருவர், நான் ஈ.பி.எப். கட்டவில்லை என்று தொழில் அலுவலகத்தில் முறையிட்டிருக்கிறார்கள். விசாரணைக்கு ஒருதரம் போனேன். கணக்குகளைக் கொண்டுவரச் சொன்னார்கள். வேலைப் பளுவில் பிறகு போகவில்லை. இப்போது மல்லாகம் நீதவான் நீதிமன்றத்திலிருந்து அழைப்பாணை வந்திருக்கிறது. ஒருவர் ஐந்து வருடம் வேலை செய்ததாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். அவர் என்னிடம் இருந்தது இரண்டே வருடம். மற்றவர் நாட்கூலிக்கு வந்தவர். இதை நீதவானிடம் சொன்னால் விசாரிப்பார்தானே?
— வாசகர், தெல்லிப்பழை

பதில்: விசாரிக்கமாட்டார். விசாரிக்க அவருக்கு அதிகாரம் இல்லை.

1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க ஊழியர் சேமலாப நிதிச் சட்டத்தின் 38ஆம் பிரிவைப் பாருங்கள். தொழில் ஆணையாளர் நிலுவைத் தொகையைக் குறித்து ஒரு சான்றிதழை நீதவானுக்கு அனுப்பலாம். நீதவான் உங்களை அழைத்து, ஏன் அறவிடக்கூடாது என்று காரணம் கேட்பார். தகுந்த காரணம் இல்லையென்றால் அந்தத் தொகை நீதவான் விதித்த தண்டப்பணம் போலவே ஆகிவிடும். கட்டத் தவறினால் மறியல்வரை போகலாம். அந்தச் சான்றிதழில் உள்ள கூற்றுகள் சரியா பிழையா என்று நீதிமன்றம் ஆராயவே கூடாது என அதே பிரிவு தடுக்கிறது. ஐந்து வருடமா, இரண்டு வருடமா என்ற உங்கள் வழக்கு அங்கே எடுபடாது.

எடுபடக்கூடியவை சில உண்டு: சான்றிதழில் உள்ள முதலாளி நான் அல்ல, இந்த நீதிமன்ற எல்லைக்குள் என் தொழில் இல்லை, பணத்தை ஏற்கனவே கட்டிவிட்டேன், பற்றுச்சீட்டு இதோ என்பவை. தொகையின் விபரமும் உங்கள் பெயரும் இடமும் சான்றிதழில் ஒழுங்காக இருக்கின்றனவா என்பதையும் உங்கள் சட்டத்தரணி பார்க்கவேண்டும்.

கடுமையான சட்டம்தான். ஆனால் இந்தப் பணம் தொழிலாளியுடையது என்பதால் அந்தக் கடுமையில் எனக்குப் பெரிய குறை இல்லை. என் குறை வேறு. கேட்கப்படும் உரிமை முழுவதும் தொழில் அலுவலக மேசையோடு முடிந்துவிடுகிறது என்பதை முதலாளிமார் பலர் அழைப்பாணை வந்த பிறகுதான் அறிகிறார்கள். உங்கள் 'கோடு' உண்மையில் அந்த மேசைதான்.

அங்கே உங்களுக்கு இருந்த உரிமைகள் சிறியவை அல்ல. 1997இல் கருணாதாச எதிர் யுனிக் ஜெம் ஸ்டோன்ஸ் வழக்கில், தொழில் ஆணையாளர் காரணம் காட்டாமல் விட்ட ஒரு தீர்மானம் உயர் நீதிமன்றத்தில் நிற்கவில்லை. சொன்னதை எழுதிக்கொண்டால் மட்டும் போதாது, அதைக் காரணத்தோடு பரிசீலிக்கவேண்டும் என்பது நீதியரசர் மார்க் பெர்னாண்டோவின் நிலைப்பாடு. ஆனால் கேளாதவருக்கு இந்த உரிமைகள் தாமாக வந்து சேர்வதில்லை. இலங்கைப் பல்கலைக்கழகத்தில் பரீட்சைக் குற்றச்சாட்டுக்கு உள்ளான பெர்னாண்டோ என்ற மாணவர், சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யத் தனக்கு இடம் தரப்படவில்லை என்று கோமறைக் கழகம்வரை போனார். 1960இல் தோற்றார். அந்தச் சந்தர்ப்பத்தை அவர் கேட்கவே இல்லை என்பது முக்கிய காரணம். நீங்களும் இரண்டாம் தவணைக்குப் போகவில்லை. இது உங்களுக்கு எதிராகவே பேசும்.

நாட்கூலி வாதத்தை விட்டுவிடுங்கள். தற்காலிகமாகவோ நாட்கூலிக்கோ வேலை செய்தவருக்கும் ஈ.பி.எப். உண்டு. ஊழியரின் 8 வீதத்தை அப்போதே சம்பளத்தில் கழிக்காமல் விட்டிருந்தால், உங்கள் 12 வீதத்தோடு அதையும் நீங்களே கட்டவேண்டும். கொடுத்த சாப்பாட்டின் பெறுமதியும் கணக்கில் சேரும். மேலதிக நேரக் கொடுப்பனவு சேராது. இரவு வேலை நடக்கும் வெதுப்பகத்தில் இந்த ஒன்றே தொகையைப் பெரிதாக மாற்றலாம். அதைச் சேர்த்துக் கணக்கிட்டார்களா என்று பாருங்கள்.

காலத் தகராறு சின்ன விசயம் அல்ல. சம்பளம் 30,000 ரூபா என்று வைத்தால் மாதம் 6,000. மூன்று வருடம் கூடுதலாக எழுதியிருந்தால் 216,000. பன்னிரண்டு மாதத்துக்கு மேல் பிந்திய நிலுவைக்கு மேலதிகக் கட்டணம் 50 வீதம் என்பதால் அது 324,000 ஆகிவிடும்.

ஆகவே சம்பளப் பதிவு, வரவுப் பதிவு, வங்கித் துண்டு என்று எது இருந்தாலும் எடுத்துக்கொண்டு, தவணைக்கு முன்பே தொழில் அலுவலகத்துக்கு எழுத்தில் கொடுங்கள். பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். சான்றிதழைத் திருத்தவோ மீளப் பெறவோ ஆணையாளரைக் கேளுங்கள். விசாரணைக் கோவையின் பிரதியை 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்லவேண்டும். ஆணையாளர் மறுத்தால் அடுத்த வாசல் கொழும்பு. சான்றிதழை ரத்துச் செய்யும் எழுத்தாணைக்கு மேன்முறையீட்டு நீதிமன்றம் போகவேண்டும். செலவு அதிகம், தாமதித்தால் தாமதமே உங்களைத் தோற்கடிக்கும், விசாரணைக்கு ஏன் போகவில்லை என்ற கேள்விக்கும் பதில் வேண்டும். தகராறு சில ஆயிரங்கள் என்றால் நான் அந்தப் பக்கம் போகச் சொல்லமாட்டேன்.

மல்லாகத் தவணையை எக்காரணம் கொண்டும் தவறவிடாதீர்கள். ஏற்றுக்கொள்ளும் இரண்டு வருடப் பணத்தை அதற்கு முன்பே கட்டி, பற்றுச்சீட்டோடு போங்கள். மிகுதிக்கு ஆணையாளரின் பதில் வரும்வரை தவணை கேளுங்கள். எல்லாம் கட்டத்தான் வேண்டும் என்றாகிவிட்டால், பகுதி பகுதியாகக் கட்ட அனுமதிக்கும்படி அன்றே சட்டத்தரணி மூலம் விண்ணப்பியுங்கள்.