ஐரோப்பாவை அறிவோமா?

பொது அறிவுப் போட்டி என்றால் எங்கள் வகுப்பில் எல்லோருக்கும் உற்சாகம்தான். "இத்தாலியின் தலைநகரம்?" என்று ஒருத்தி கேட்டு முடிப்பதற்குள் "ரோம்!" என்று பத்துக் குரல்கள் எழும். ஆனால் அந்த விடையோடு கேள்வி முடிந்துவிடுகிறதா? ஐரோப்பாவின் சரித்திரத்திலிருந்தும் பூகோளத்திலிருந்தும் நான்கு வினாக்களை எடுத்துக்கொண்டு, விடை சொல்வதோடு நில்லாமல், 'ஏன்?' என்றும் கேட்டுப் பார்ப்போம். தோழியரே, ஒவ்வொரு விடையையும் படிக்குமுன் சற்றே சிந்தியுங்கள்.

வினா 1: ஐரோப்பாவின் மிக உயரமான சிகரம் எது?

'மாண்ட் பிளாங்க்' என்று சிலரும், 'எல்பிரஸ்' என்று சிலரும் சொல்வீர்கள். மாண்ட் பிளாங்க் ஆல்ப்ஸ் மலையில், பிரான்சும் இத்தாலியும் சந்திக்கும் இடத்தில், சுமார் 4,806 மீட்டர் உயரத்தில் நிற்கிறது. காகசஸ் மலைத்தொடரில், ருஷ்ய நாட்டுக்குள் இருக்கும் எல்பிரஸின் உயரம் 5,642 மீட்டர். அப்படியானால் இதில் ஐயம் ஏன்? ஐயம் மலையைப் பற்றியதன்று, எல்லையைப் பற்றியது.

ஆஸ்திரேலியாவுக்குக் கடலே எல்லை. ஐரோப்பாவையும் ஆசியாவையும் முழுவதுமாகப் பிரிக்கக் கடல் இல்லை. ஆகவே யூரல் மலை, யூரல் நதி, காஸ்பியன் கடல், காகசஸ் மலைமுகடு, கருங்கடல் என்று அறிஞர்கள் ஒரு கோட்டை வகுத்துக்கொண்டனர். அக்கோட்டின்படி எல்பிரஸ் ஐரோப்பாவில் அடங்கும். காகசஸுக்கு வடக்கேயுள்ள தாழ்நிலத்தை எல்லையாகக் கொண்டாலோ, எல்பிரஸ் ஆசியாவுக்குப் போய்விடும். மாண்ட் பிளாங்க் முதலிடம் பெறும். எனவே எல்லை எது என்று சொன்ன பிறகே சிகரம் எது என்று சொல்ல முடியும்.

வினா 2: ருஷ்யாவின் அக்டோபர் புரட்சி எந்த மாதத்தில் நடந்தது?

இது என்ன கேள்வி என்று சிரிக்காதீர்கள். நாம் இன்று பயன்படுத்தும் காலண்டரின்படி அது நடந்தது 1917 நவம்பர் 7-ஆம் தேதி.

ஜூலியஸ் சீசர் ஏற்படுத்திய பழைய காலண்டர் ஆண்டுக்கு 365¼ நாள் என்று கணக்கிட்டது. உண்மையான ஆண்டு அதைவிடச் சுமார் 11 நிமிடம் குறைவு. ஆண்டுக்கு 11 நிமிடம்தான். ஆனாலும் நிசேயா சங்கம் கூடிய 325-ஆம் ஆண்டிலிருந்து 16-ஆம் நூற்றாண்டுக்குள் அது 10 நாட்களாக வளர்ந்துவிட்டது. பாஸ்கா விழாவின் தேதியும் பருவத்தை விட்டு விலகிற்று. ஆகவே பாப்பரசர் 13-ஆம் கிரகோரி 1582-இல் அந்த 10 நாட்களை நீக்கினார். அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆயிற்று! ஸ்பெயின் தேசத்தில் அவிலா புனித தெரேசம்மாள் மரித்தது அந்த அக்டோபர் 4-ஆம் தேதி இரவில்தான். அவருடைய திருநாளை நாம் அக்டோபர் 15-இல் கொண்டாடுகிறோம்.

ருஷ்யா பழைய காலண்டரையே வைத்துக்கொண்டது. அதில் 1700, 1800, 1900 ஆகிய மூன்றும் லீப் ஆண்டுகள். புதிய காலண்டரில் அவை லீப் ஆண்டுகள் அல்ல. எனவே 10 நாள் வித்தியாசம் 13 நாள் ஆயிற்று. ருஷ்யாவில் அக்டோபர் 25 என்றிருந்த நாள் புதிய காலண்டரில் நவம்பர் 7. புரட்சிக்குப்பின், 1918 பிப்ரவரியில் ருஷ்யாவும் மாறிக்கொண்டது. பழைய பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

வினா 3: செக்கோஸ்லோவாகியாவின் தலைநகரம் எது?

'பிராக்' என்று நம் அம்மாமார் தம் பள்ளி நாட்களில் எழுதியிருந்தால் முழு மதிப்பெண் கிடைத்திருக்கும். இன்று அந்த நாடே இல்லை. 1993 ஜனவரி 1 முதல் அது செக் குடியரசு என்றும் ஸ்லோவாகியா என்றும் இரண்டாயிற்று. முன்னதற்குப் பிராக், பின்னதற்குப் பிராட்டிஸ்லாவா தலைநகரங்கள். பழைய தேசப்படங்களில் இரண்டாக இருக்கும் ஜெர்மனி 1990 அக்டோபர் 3-இல் ஒன்றாகியது. சோவியத் யூனியன் 1991-இல் மறைந்தது.

உக்ரைனின் மேற்குக் கோடியில் உஸ்கோரோத் என்றொரு ஊர் உண்டு. 1910-இல் அது ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசில் இருந்தது. முதல் உலகப் போருக்குப்பின் செக்கோஸ்லோவாகியாவிலும், 1938-இல் ஹங்கேரியிலும், 1945-இல் சோவியத் யூனியனிலும் சேர்ந்தது. 1991 முதல் உக்ரைனில் உள்ளது. அங்கே பிறந்து நீண்டநாள் வாழ்ந்த ஒரு பாட்டி, தம் வீட்டு வாசலை விட்டு நகராமலே ஐந்து நாடுகளில் வாழ்ந்திருப்பார்! தேசப்படத்தில் நாம் அழித்து எழுதும் கோடு, அங்கே இருப்பவர்களுக்குப் பள்ளியின் மொழி, பணம், சட்டம் எல்லாம் மாறுவதாகும்.

வினா 4: தேசப்படத்தில் இல்லாத ஒரு நாட்டின் பெயரைப் பெற்ற தனிமம் எது?

விடை: பொலோனியம். 1898-இல் மேரி கியூரி அம்மையாரும் அவர் கணவரும் அதைக் கண்டுபிடித்தனர். போலந்து நாட்டை ருஷ்யா, பிரஷ்யா, ஆஸ்திரியா ஆகிய மூன்றும் 1772, 1793, 1795 ஆகிய ஆண்டுகளில் பங்கிட்டுக்கொண்டன. அதன்பின் 1918 வரை போலந்து என்ற தனி நாடு ஐரோப்பாவின் படத்தில் இல்லை. மேரி அம்மையார் 1867-இல் பிறந்த வார்சா நகரம் ருஷ்யாவின் ஆட்சியில் இருந்தது.

அவருடைய மகள் ஈவ் எழுதிய வாழ்க்கை வரலாற்றில் ஒரு நிகழ்ச்சி வருகிறது. மேரி சிறுமியாயிருந்தபோது, அவர் படித்த பள்ளியில் போலந்தின் சரித்திரத்தை இரகசியமாகக் கற்பித்தார்கள். ருஷ்ய இன்ஸ்பெக்டர் வந்தால் மணியோசையே எச்சரிக்கை, புத்தகங்கள் மறைந்துவிடும். ஒருநாள் இன்ஸ்பெக்டர் ருஷ்யச் சக்கரவர்த்திகளின் பெயர்களை வரிசையாகச் சொல்லச் சொன்னார். ஞாபகசக்தி மிகுந்த மேரிதான் எழுந்து நின்றார். எல்லாம் பிழையின்றிச் சொன்னார். உங்களை ஆள்பவர் யார் என்ற கேள்விக்கும், இன்ஸ்பெக்டர் எதிர்பார்த்த விடையையே சொன்னார். அவர் போனபின் அந்தச் சிறுமி அழுதாள்.

இதைப் படித்தபோது நாங்கள் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தோம். அன்று மேரி சொன்ன விடைகள் எல்லாம் சரியானவை. மதிப்பெண் போட்டால் நூற்றுக்கு நூறு. ஆனால் அவள் நெஞ்சில் இருந்த நாட்டைப்பற்றி யாரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. பதினைந்து வயதில், அதாவது நம் வயதில், தங்கப் பதக்கத்துடன் பள்ளிப் படிப்பை முடித்த அவர், வார்சா பல்கலைக்கழகம் பெண்களைச் சேர்க்காததால் 1891-இல் பாரீசுக்குச் சென்றார். தாம் கண்ட தனிமத்துக்குத் தம் நாட்டின் பெயரையே வைத்தார். 1903-இலும் 1911-இலும் நோபல் பரிசு பெற்றார்.

ஆகவே தோழியரே, விடைகளை மனப்பாடம் செய்வது வீண் என்று நாங்கள் சொல்லவில்லை. ஆண்டுகளும் பெயர்களும் தெரியாமல் எதையும் சிந்திக்க முடியாது. ஆனால் ஒவ்வொரு விடைக்குப் பின்னும், 'இது எப்போதிலிருந்து?', 'யார் வகுத்தது?', 'அங்கே வாழ்ந்தவர்களுக்கு என்ன நேர்ந்தது?' என்று கேட்கப் பழகுவோம்.

இனி உங்கள் முறை. 1337-இல் தொடங்கி 1453-இல் முடிந்த போருக்கு 'நூறாண்டுப் போர்' என்ற பெயர் பொருந்துமா? நெதர்லாந்தின் தலைநகரம் ஆம்ஸ்டர்டாம். அரசாங்கம் இயங்கும் நகரம் எது? டான்யூப் நதிக்கரையில் உள்ள தலைநகரங்கள் எத்தனை, அவை ஏன் அங்கே எழுந்தன? விடைகளை இங்கே தரவில்லை. நூலகக் கதவு திறந்தே இருக்கிறது, தேடிப் பாருங்கள்!