உவர்த்தல்: ஒரு வினைச்சொல்லின் பொருளும் வழக்கும்

முன்னுரை

அறிவியல் தமிழ் என்றவுடன் நம் நினைவுக்கு வருவன பெரும்பாலும் பெயர்ச்சொற்களே. கலைச்சொல் அகராதிகள் கருவிகளுக்கும் பொருள்களுக்கும் பண்புகளுக்கும் பெயர் தேடித் தந்துள்ளன. வினை வேண்டும் இடங்களில் அப்பெயர்களோடு ‘ஆதல்’, ‘அடைதல்’, ‘செய்தல்’ என்னும் துணைச் சொற்களை ஒட்டிக்கொள்கிறோம். ஆவியாதல், பதங்கமாதல், படிகமாதல் என்பன அவ்வகையின. இவற்றில் குறையொன்றும் இல்லை. எனினும், ஒட்டுத் துணையின்றித் தாமே ஒரு நிகழ்ச்சியை முழுமையாக உணர்த்தும் தனிவினைகளும் தமிழில் உண்டு. உருகுதல், உறைதல், கரைதல் ஆகியவை பாடநூல்களில் நிலைபெற்றுவிட்டன. அவற்றோடு ஒப்ப வைத்து எண்ணத்தக்க ‘உவர்த்தல்’ என்னும் வினையோ இன்று அருகிய வழக்காகிவிட்டது.

உவர்ப்பு என்ற பெயரை அறிவோம். உவர்நீர், உவர்நிலம் என்ற தொடர்களையும் அறிவோம். ஆனால் ‘கிணறு உவர்த்துவிட்டது’ என்று எழுதுவோர் மிகச் சிலரே. கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் இடைப்பட்ட கரையோரத்தில் வாழும் நமக்கு இச்சொல் வெறும் அகராதிச் சொல் அன்று. நம் குடிநீரையும் விளைநிலத்தையும் பற்றிய சொல். ஆதலின் அதன் பொருளையும் வழக்கையும் பயனையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

சொல்லும் பொருளும்

உவர்த்தல் என்பதற்கு இரு பொருள்கள் முதன்மையானவை. ஒன்று, உப்புச் சுவை உடையதாதல். மற்றொன்று, வெறுத்தல் அல்லது அருவருத்தல். முதற்பொருளில் இது செயப்படுபொருள் குன்றிய வினை: ‘இந்நீர் உவர்க்கும்’. இரண்டாம் பொருளில் செயப்படுபொருள் குன்றா வினை: ‘அவர் புகழ்ச்சியை உவர்த்தார்’. ஒரே வினை நாவின் உணர்வையும் மனத்தின் உணர்வையும் குறித்தல் வியப்புக்குரியது அன்று. வாழ்க்கை கசந்தது என்கிறோம். கேட்டுக் கேட்டுப் புளித்தது என்கிறோம். சுவை வினைகள் நாவிலிருந்து நெஞ்சுக்குச் செல்வது தமிழின் இயல்பு. அளவோடு இருக்கையில் உணவுக்கு உயிராகும் உப்பு, அளவு மிஞ்சினால் நாவால் தள்ளப்படுகிறது. அத்தள்ளுதலே வெறுத்தல் என்னும் பொருளுக்கு வழி திறந்தது எனலாம்.

இவ்விடத்து மாணாக்கர் ஒன்றைக் கருத்திற்கொள்ள வேண்டும். அறுசுவைகளுள் உவர்ப்பு வேறு, துவர்ப்பு வேறு. கடல்நீரின் சுவை உவர்ப்பு. வாழைப்பூவின் சுவை துவர்ப்பு. ஓரெழுத்தே வேறுபாடு என்பதால் தேர்வுத் தாள்களில் இவ்விரண்டும் இடம் மாறிவிடுவதுண்டு. பேச்சு வழக்கில் ‘உப்புக் கரிக்கிறது’ என்பதே பெரிதும் வழங்குவதால் உவர்த்தல் என்னும் வினை செவிக்கு அயலாகிவிட்டமை இம்மயக்கத்துக்குக் காரணம்.

சொல்லின் சுற்றம்

உவர் என்னும் அடியிலிருந்து தோன்றியவை பல. உவர்ப்பு சுவையைக் குறிக்கும். உவரி கடலைக் குறிக்கும்; திருக்குறளின் படைமாட்சி அதிகாரத்தில் இச்சொல் இடம்பெற்றுள்ளது. உவர்மண் என்பது சலவைத் தொழிலாளர் துணி வெளுக்கப் பயன்படுத்திய மண். ஈழத்து வழக்கில் கரிப்பு நீரைச் சவர்த்தண்ணீர் என்பர். சவர்க்காரம் என்பது அங்கே இன்றும் சோப்புக்கு இயல்பான பெயர். நம் பக்கத்து முதியோர் வாயில் அதுவே சவுக்காரம் என வழங்கக் கேட்கிறோம். உவர், சவர் ஆகிய இரண்டும் ஒலியாலும் பொருளாலும் நெருங்கி நிற்பவை.

இதற்கு இணையான ஒரு வரலாறு அரபு மொழியிலும் உண்டு. உவர்நிலத்தில் வளரும் செடிகளை எரித்துப் பெற்ற சாம்பலை அரபியர் ‘அல்கலீ’ என்றனர். சோப்புக்கும் கண்ணாடிக்கும் அச்சாம்பல் பயன்பட்டது. அச்சொல்லே ஐரோப்பிய மொழிகளில் புகுந்து ‘ஆல்கலி’ ஆயிற்று. தமிழ் வேதியியலில் நாம் காரம் என்று சொல்வது அதனையே. நம் கழிமுகங்களில் உமரி என்னும் பெயரில் வளர்வனவும் அவ்வினத்துச் செடிகளே. உவர்நிலத்தைக் கண்டு, அதில் வளர்ந்ததை எரித்து, அழுக்கு நீக்கும் பொருளாக்கிய அறிவு அம்மொழியின் சொல்லில் உறைந்திருக்கிறது.

இலக்கியமும் நிலமும்

சங்கப் பாடல்களின் நெய்தல் நிலத்தில் உவர்நிலமும் அதில் விளையும் உப்பும், அவ்வுப்பை வண்டியில் ஏற்றி உள்நாட்டுக்குக் கொண்டு சென்ற உமணரும் இடம்பெறுகின்றனர். உப்பு ‘விளைகிறது’ என்பது நோக்கத்தக்கது. நெல்லுக்குக் கேடான நிலமும் உப்புக்கு விளைநிலமே. இன்றும் மரக்காணத்து அளங்களில் உப்பு விளைகிறது என்றே சொல்கின்றனர்.

சிதம்பரத்தின் பழம்பெயராகிய தில்லை என்பதும் ஓர் உவர்நிலச் சொல்லே. தில்லை என்பது கழிமுகச் சேற்றில் வளரும் ஒரு மரம். அதன் பால் கண்ணிற்பட்டால் பார்வையைத் தற்காலிகமாகக் கெடுக்கும். ஊருக்குப் பெயர் தந்த அம்மரத்தை இன்று காண விரும்புவோர் வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடையேயுள்ள பிச்சாவரம் கழிமுகக் காட்டுக்குச் செல்ல வேண்டும். அங்கே தில்லையோடு சுரபுன்னையும் வெண்கண்டலும் வளர்கின்றன. சுரபுன்னை உப்பின் பெரும்பகுதியை வேரிலேயே தடுத்துவிடும். வெண்கண்டலோ உப்பை இலைச் சுரப்பிகளின் வழியே வெளியேற்றும். அதன் இலையை நாவில் வைத்தால் உவர்க்கும்.

அருகேயுள்ள பரங்கிப்பேட்டை, போர்ட்டோ நோவோ என்றும் மஹ்மூது பந்தர் என்றும் பெயர் பெற்ற பழைய துறைமுகம். அங்கே வெள்ளாற்றின் கரையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல்வாழ் உயிரியல் உயராய்வு மையம் அமைந்துள்ளது. அந்த ஆற்றுமுகத்தில் நீரின் உவர்ப்பு ஆண்டு முழுதும் ஒரே அளவில் நிற்பதில்லை. கோடையில் கடல்நீர் உள்ளேறுவதால் மிகும்; வடகிழக்குப் பருவமழையின் வெள்ளம் வருகையில் வெகுவாகக் குறையும். ஆறு பருவந்தோறும் உவர்ப்பதும் தெளிவதுமாக இருக்கிறது. பண்பைக் குறிக்கும் பெயரைக் காட்டிலும் நிகழ்ச்சியைக் குறிக்கும் வினையே இதற்குப் பொருத்தமானது.

அறிவியல் வழக்கு

வேளாண் அறிவியல் இச்சொல்லின் பொருளை வரையறுத்துள்ளது. கரையும் உப்புகள் மிகுந்த நிலம் உவர்நிலம். அதன் மண் சாற்றின் மின்கடத்துதிறன் மீட்டருக்கு 4 டெசிசீமன்சுக்கு மேல் இருக்கும்; கார அமில நிலை பொதுவாக 8.5-க்குக் கீழே நிற்கும். சோடியம் மண் துகள்களோடு ஒட்டி மிகுந்திருக்கும் நிலம் களர்நிலம். அதன் கார அமில நிலை 8.5-க்கு மேற்படும். கல்லாதவரை ஒன்றும் விளையாத களர்நிலத்துக்கு வள்ளுவர் ஒப்பிட்டதை நாம் அறிவோம். உவர்நிலத்தைத் திருத்த நல்ல நீரைத் தேக்கி, உப்பைக் கரைத்து, வடிகால் வழியே வெளியேற்ற வேண்டும். களர்நிலத்துக்கு அது மட்டும் போதாது. ஜிப்சம் இட்டுச் சோடியத்தை முதலில் விலக்க வேண்டும். இரண்டையும் ஒன்றெனக் கொண்டால் மருந்து மாறிப்போகும். வெளுக்கப் பயன்பட்ட உவர்மண்ணில் மிகுந்திருந்தது சோடியம் கார்பனேட் என்பதால், அறிவியல் வரையறைப்படி அது களரின் பாற்படும். பொது வழக்கின் விரிந்த பொருளும் அறிவியல் வழக்கின் குறுகிய பொருளும் இவ்வாறு வேறுபடுவதை ஆசிரியர்கள் எடுத்துக்காட்ட வேண்டும்.

உவர்த்த நிலத்தில் பயிர் வாடுவது ஏன்? சவ்வூடு பரவலால் வேர் நீரை உறிஞ்சுகிறது. மண்ணீரில் உப்பு மிகுந்தால் அந்நீர் வேருக்குள் புகுவது கடினமாகிறது. காலடியில் ஈரம் இருந்தும் பயிர் தாகத்தால் வாடுகிறது.

தொகையும் காலமும்

இலக்கணம் பயில்வோர் இங்கே ஒரு நுட்பத்தைக் காணலாம். உவர்நிலம் என்னும் தொடரில் உவர் என்பதைப் பெயராகவும் கொள்ளலாம், வினையடியாகவும் கொள்ளலாம். வினையடியாகக் கொண்டால் அது வினைத்தொகை. ஊறுகாய் போல அதனுள் மூன்று காலமும் மறைந்து நிற்கும். விரித்தால் உவர்த்த நிலம், உவர்க்கின்ற நிலம், உவர்க்கும் நிலம் என மூன்றாகும்.

இம்மூன்றும் மூன்று நிலைகள். மூன்றுக்கும் செய்ய வேண்டுவன வெவ்வேறு. 26-12-2004 அன்று ஆழிப்பேரலை நம் மாவட்டத்துக் கரையோர வயல்களில் கடல்நீரைப் பாய்ச்சியது. அவை உவர்த்த நிலங்கள். மழைநீராலும் வடிகாலாலும் கழுவித் திருத்த வேண்டியிருந்தது. ஆண்டுதோறும் சிறிது சிறிதாகக் கரிப்பேறும் கிணற்றுப் பாசன வயல்கள் உவர்க்கின்ற நிலங்கள். அவற்றுக்கு இறைப்பைக் குறைப்பதும் மழைநீரை உள்ளே செலுத்துவதும் மருந்து. இன்று நன்னீர் தந்தாலும் நாளை கெடக்கூடிய கரையோர மணல்மேடுகள் உவர்க்கும் நிலங்கள். அவற்றுக்குக் காப்பே வேண்டும். தொகையாக மட்டும் வழங்கினால் இக்கால வேறுபாடு மறைந்துவிடுகிறது. வினையை விரித்துச் சொன்னால் எந்நிலையில் இருக்கிறோம் என்பது புலப்படுகிறது.

தன்வினையும் பிறவினையும்

நிலம் உவர்த்தது என்பது தன்வினை. நிலத்தை உவர்ப்பித்தார் என்பது பிறவினை. இவ்வேறுபாடு வெறும் இலக்கணப் பயிற்சி அன்று.

கரையோர மணலின் கீழே நன்னீர், உவர்நீரின்மேல் மிதந்து நிற்கிறது. நன்னீரின் அடர்த்தி 1 என்றால் கடல்நீரின் அடர்த்தி ஏறத்தாழ 1.025. இச்சிறு வேறுபாட்டைக் கொண்டு 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் டச்சுக்காரரான கைபனும், பின்னர் 1901-இல் ஜெர்மானியரான ஹெர்ஸ்பெர்க்கும் ஒரு கணக்கை வகுத்தனர். கடல்மட்டத்துக்கு மேல் நன்னீர் 1 மீட்டர் நின்றால், கடல்மட்டத்துக்குக் கீழே ஏறத்தாழ 40 மீட்டர் வரை நன்னீர் இருக்கும். இதன் மறுபுறத்தையும் நாம் எண்ண வேண்டும். இறைத்து இறைத்து அந்த நீர்மட்டத்தை 1 மீட்டர் தாழ்த்தினால், உவர்நீர் எல்லை காலப்போக்கில் 40 மீட்டர் மேலேறும். அப்போது கிணறு தானே உவர்த்தது என்று சொல்வது முழு உண்மை ஆகாது. நாம் அதனை உவர்ப்பித்தோம்.

யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் நிலத்திலும் நன்னீர் இவ்வாறே உவர்நீர்மேல் மிதக்கிறது. மிகுதியாக இறைத்தால் கிணறு சவராகும் என்பது அங்குள்ள உழவர் கண்ட உண்மை. தமிழகக் கரையோரத்தில் 1990-களில் பெருகிய இறால் பண்ணைகளை எதிர்த்துச் சர்வோதயத் தலைவர் எஸ். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில், 11-12-1996 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குடிநீரும் விளைநிலமும் உவர்த்துப்போவது அவ்வழக்கின் முதன்மையான முறையீடுகளுள் ஒன்று. அதுவும் பிறவினை பற்றிய வழக்கே: உவர்ப்பித்தவர் யார் என்பதே அங்கே எழுந்த வினா.

‘நிலத்தடி நீரின் உவர்ப்புத்தன்மை அதிகரித்துக் காணப்படுகிறது’ என்று அறிக்கைகள் எழுதுகின்றன. இத்தொடரில் பிழையில்லை. ஆயினும் எழுவாயாக நிற்பது ஒரு பண்பு. செய்தவரும் இல்லை, பாதிக்கப்பட்டவரும் இல்லை. ‘ஊர்க்கிணறு உவர்த்துவிட்டது’, ‘அளவின்றி இறைத்து ஊற்றை உவர்ப்பித்துவிட்டோம்’ என்னும் தொடர்களில் கிணறும் இருக்கிறது, நாமும் இருக்கிறோம். அறிவியல் தமிழுக்குத் தனிவினைகள் வேண்டும் என்று கூறுவது சுருக்கம் கருதி மட்டும் அன்று. வினை வந்தால் எழுவாய் வந்தாக வேண்டும். எழுவாய் வந்தால் பொறுப்பும் உடன் வரும்.

முடிவுரை

உவர்த்தல் என்னும் வினை சுவையையும் வெறுப்பையும் குறித்தது. கடலுக்கும் மண்ணுக்கும் பெயர் தந்தது. இன்று நீரியலிலும் மண்ணியலிலும் துல்லியமாக வழங்கத்தக்கது. இதனை மீட்பதற்குப் புதுச்சொல் எதையும் படைக்க வேண்டியதில்லை. உள்ளதை உரிய இடத்தில் எழுதினாலே போதும்.

தமிழ் மாணாக்கர் கிள்ளை, பரங்கிப்பேட்டை, தேவனாம்பட்டினம் முதலிய ஊர்களுக்குச் சென்று, நீரின் சுவைக்கு அம்மக்கள் வழங்கும் சொற்களைத் தொகுக்கலாம். அறிவியல் மாணாக்கர் அதே கிணறுகளின் நீரைச் சோதித்து அளவிடலாம். எந்தக் கிணறு எந்த ஆண்டு வரை குடிக்க உதவியது என்பதை ஊர்ப் பெரியவர்கள் அறிவார்கள். அவர்கள் நினைவில் இருப்பது ஏட்டில் ஏறவேண்டும். சொல், அளவு, நினைவு ஆகிய மூன்றும் ஒரே பதிவேட்டில் சேருமானால், எந்தக் கிணறு உவர்த்தது, எது உவர்க்கிறது, எதை உவர்க்காமல் காக்கலாம் என்பது விளங்கும். அத்தகைய பதிவேட்டைத் தொடங்குவதற்கு இப்பகுதிக் கல்லூரிகளின் தமிழ்த்துறைகளைவிடப் பொருத்தமான இடம் வேறில்லை.